ஆமை முட்டையும் ஒரு தோல் வண்டும்

குஞ்சுகள் வெளியேறி இரண்டு நாள் ஆன குழியைத் தோண்டிப் பார்க்கும் வேலை ஆமை முட்டைப் பொரிப்பகத்தில் யாருக்கும் அவ்வளவாகப் பிடிக்காது. நடுராத்திரியில் கடற்கரையில் நடந்து தாய் ஆமையைப் பார்ப்பதற்கும், சாயங்காலம் கூடையைத் தூக்கிக் குஞ்சுகளை அலைப்பக்கம் விடுவதற்கும் ஆள் நிறைய வரும். வெறும் குழியைக் கிளற வரமாட்டார்கள், நாற்றம் அப்படி. கையை முழங்கை வரை உள்ளே விட்டு, கிழிந்த ஓடுகள் ஒரு பக்கம், பொரியாத முட்டைகள் ஒரு பக்கம், மேலே ஏற முடியாமல் செத்துப்போன குஞ்சுகள் ஒரு பக்கம் என்று பிரித்து, எண்ணி, நோட்டில் எழுத வேண்டும். சென்னைக் கடற்கரையில் ஜனவரி முதல் ஏப்ரல் வரை நடக்கும் ஆமை நடைக்குச் சில வருடங்களாகப் போகிறேன். எனக்கு இந்தக் குழி கிளறும் வேலைதான் பிடிக்கும். அந்தக் குழிக்குள் 45, 50 நாட்களாக என்ன நடந்தது என்பதற்குச் சாட்சி வேறு எங்கேயும் இல்லை.

முதல் வருடம் ஒரு குழியில் பொரியாத முட்டைகள் ஏழெட்டு வந்தன. பிங்பாங் பந்து அளவு, ஆனால் தொட்டால் அமுங்கும், கோழிமுட்டை மாதிரி உடையாது, தோல் மாதிரிக் கிழியும். அதில் இரண்டு முட்டையில் சின்ன ஓட்டை. பிரித்தால் உள்ளே வெள்ளை வெள்ளையாகப் புழு நெளிகிறது. பக்கத்தில் டார்ச் பிடித்துக்கொண்டிருந்த மூத்த தன்னார்வலரிடம், "அண்ணா, இந்தப் புழு உயிரோட இருந்த முட்டையைத் தின்னுச்சா, இல்ல முட்டை செத்த அப்புறம் வந்துச்சா?" என்று கேட்டேன். அவர் கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, "ரெண்டும் நடக்கும்மா, ஆனா வெளிய எடுத்துப் பாக்குறப்போ ரெண்டும் ஒரே மாதிரிதான் இருக்கும்" என்றார்.

அந்தக் கேள்வி என்னை விடவே இல்லை. ஆமை முட்டையைத் தின்னும் பூச்சிகளைப் பற்றி எது கிடைத்தாலும் படிக்க ஆரம்பித்தேன், அப்படித்தான் மெக்ஸிகோவில் இருக்கும் ஒரு வண்டிடம் போய்ச் சேர்ந்தேன். அதன் பெயர் ஓமோர்கஸ் சுபெரோசஸ். தோல் வண்டுகளில் ஒன்று. பூச்சி ஆராய்ச்சி செய்பவர்களைத் தவிர உலகத்தில் பெரும்பாலானோர் கேள்விப்பட்டிருக்க மாட்டார்கள். கேள்விப்பட்டவர்களில் பலரும் அதை ஆமை முட்டைக்கு எமன் என்றே கேள்விப்பட்டிருப்பார்கள். நானும் முதலில் அப்படித்தான் படித்தேன், கோபமும் வந்தது.

வண்டைப் பற்றிப் பேசுவதற்கு முன் ஒரு குழப்பத்தைத் தீர்த்துவிடுகிறேன். தோல் வண்டு என்று தேடினால் முதலில் வருவது டெர்மெஸ்டஸ் என்கிற வேறொரு கூட்டம். கருவாட்டு மூட்டைக்குள் ஓடும், பச்சைத்தோல் அடுக்கிய கிடங்குகளில் தோலை ஓட்டை போடும், அருங்காட்சியகங்களில் எலும்புக்கூட்டைச் சுத்தம் செய்வதற்கென்றே வளர்ப்பார்கள். நம் ஊரில் கருவாடு வாங்கிப் பழகிய எந்த வீட்டிலும் அதைப் பார்த்திருப்பார்கள். நான் சொல்வது அது இல்லை. இது டிராஜிடே குடும்பம், சாணி உருட்டும் வண்டுகளுக்குச் சொந்தம். மீசையின் நுனி மட்டும் சின்ன விசிறி மாதிரி மடிந்து விரியும், அதைப் பார்த்தாலே அந்த உறவு தெரிந்துவிடும். உலகம் முழுக்க இந்தக் குடும்பத்தில் ஏறத்தாழ 300 இனங்கள் இருக்கின்றன. குடும்பத்துக்குப் பெயர் தந்த பேரினம் டிராக்ஸ், அந்தப் பெயரே கிரேக்கத்தில் கொறிப்பது என்ற பொருளில் வந்தது.

ஓமோர்கஸ் பேரினத்து வண்டுகள் இந்தியாவிலும் உண்டு. மெக்ஸிகோ வண்டைப் பற்றிப் படித்துக்கொண்டிருந்த கோடையில், மதுராந்தகம் பக்கம் உறவினர் வீட்டுக்குப் போயிருந்தபோது ஒன்றைக் கையில் பிடித்தேன். ஏரிக்கரைக்குப் பின்னால் ஒரு பனை மரத்தடியில் ஒரு நாய் செத்துக் கிடந்து பல வாரம் ஆகியிருக்கும். சதை என்று எதுவும் மிச்சமில்லை, நாற்றமும் போய்விட்டது, எலும்பின்மேல் போர்த்திய தோல் வெயிலில் காய்ந்து தகரம் மாதிரி விறைத்திருந்தது. ஒரு குச்சியால் அதைப் புரட்டினேன். அடியில் உதிர்ந்த முடியும் மண்கட்டிகளும்தான். ஒரு மண்கட்டியைக் குச்சியால் தள்ளியபோது அது கொஞ்சம் வேறு மாதிரி உருண்டது. எடுத்து உள்ளங்கையில் வைத்துப் பார்த்தால் வண்டு.

நகக்கண் அளவுதான் இருக்கும். பளபளப்பு கொஞ்சமும் இல்லை. முதுகெல்லாம் வரிசை வரிசையாகப் பருக்கள், பருக்களுக்கு நடுவில் காய்ந்த மண் அப்பியிருந்தது, வரப்பில் பெயர்ந்த களிமண்ணுக்கும் அதற்கும் நிறத்தில் வித்தியாசமே தெரியவில்லை. தலையை மார்புக்கு அடியில் இழுத்துக்கொண்டு, ஆறு காலையும் மடக்கி வயிற்றோடு ஒட்டவைத்துக்கொண்டு செத்த மாதிரிக் கிடந்தது. நான் அசையாமல் உட்கார்ந்திருந்தேன். நாலைந்து நிமிடம் கழித்து முதலில் ஒரு முன்னங்கால் வெளியே வந்தது, அப்புறம் மீசை. நகரத் தொடங்கியதும் இரண்டு விரலால் மெல்லப் பிடித்தேன், உடனே கீச் கீச்சென்று சத்தம்! அவ்வளவு சின்ன உடம்பிலிருந்து அப்படி ஒரு சத்தத்தை நான் எதிர்பார்க்கவில்லை, கிட்டத்தட்டக் கீழே போட்டுவிட்டேன். வயிற்றின் கடைசிப் பகுதியை மேல் இறக்கையின் உள்விளிம்பில் தேய்த்து அந்த ஒலியை எழுப்புகிறது. பிடித்த பறவையோ ஓணானோ ஒரு நொடி திகைத்தால்கூட அதற்குத் தப்பிக்க வழி கிடைத்துவிடும்.

ஒரு பிணத்துக்கு வரும் விருந்தாளிகளில் கடைசிப் பந்தி இந்தக் குடும்பத்துக்குத்தான். முதலில் ஈ வரும், அதன் புழுக்கள் ஈரமான சதையைத் தின்று தீர்க்கும், எறும்பு வரும், காய ஆரம்பித்ததும் நான் மேலே சொன்ன கருவாட்டு வண்டு வரும். எல்லாம் போன பிறகு மிச்சம் இருப்பது காய்ந்த தோல், முடி, இறகு, குளம்பு, நகம். முடியும் நகமும் கெரட்டின் என்ற புரதத்தால் ஆனவை. அந்தப் புரதத்தின் இழைகளைக் கந்தகப் பிணைப்புகள் ஒன்றோடொன்று பூட்டி வைத்திருப்பதால் பெரும்பாலான உயிர்களுக்கு அது செரிக்காது. தோல் வண்டுக்குச் செரிக்கும். தாய் வண்டு பிணத்துக்கு அடியிலேயே மண்ணில் முட்டையிடுகிறது, புழுக்கள் நேர்க்கீழாக வளை தோண்டி, மேலேயிருந்து முடியையும் தோல் துணுக்கையும் இழுத்துப்போய் உள்ளே வைத்துத் தின்கின்றன. ஆந்தைக் கூட்டிலும் பருந்துக் கூட்டிலும் அடியில் சேரும் இறகையும் எலி முடியையும் நம்பியே வாழும் இனங்களும் இந்தக் குடும்பத்தில் இருக்கின்றன.

சரி, மெக்ஸிகோவுக்கு வருகிறேன். ஓமோர்கஸ் சுபெரோசஸுக்கு 1775ஆம் ஆண்டு பெயர் வைத்தவர் டென்மார்க்கின் பூச்சி ஆராய்ச்சியாளர் ஃபப்ரீசியஸ். அமெரிக்கக் கண்டங்களில் பரவலாக இருக்கும் வண்டு, மனிதர்களோடு பயணம் செய்து ஆஸ்திரேலியா வரைக்கும் போய்விட்டது. இருநூறு வருடத்துக்கு மேல் பூச்சி ஆராய்ச்சி செய்பவர்களைத் தவிர யாரும் அதைப் பெரிதாகக் கண்டுகொள்ளவில்லை. அது தேடப்படும் பூச்சியானது ஓஹாக்கா மாநிலத்தின் பசிபிக் கரையில் இருக்கும் லா எஸ்கோபில்லா என்ற கடற்கரையில்.

அந்தக் கடற்கரைக்கு வருவது நம்முடைய பங்குனி ஆமைதான், அதே இனம். ஆனால் நம் சென்னைக் கரையில் ஒரு ராத்திரி நடந்தால் ஒன்றோ இரண்டோ தடம் பார்ப்போம், சில நாள் வெறுங்கையோடு திரும்புவோம். அங்கே ஒரே நேரத்தில் ஆயிரக்கணக்கில் ஏறி வரும், நாள் கணக்கில் தொடரும். ஸ்பானிஷில் அரிபாடா என்பார்கள், வந்து சேர்தல் என்று பொருள். ஒடிசாவில் கஹிர்மாதாவிலும் ருஷிகுல்யாவிலும் நடப்பது இதேதான்.

அந்தக் கரையின் பழைய கதை கொடுமையானது. 1960களிலிருந்து இந்த ஆமையைத் தோலுக்காகவே கொன்றார்கள். கழுத்திலும் துடுப்புக்காலிலும் இருக்கும் மெல்லிய தோல் செருப்புக்கும் கைப்பைக்கும் ஆனது, பக்கத்திலேயே சான் அகுஸ்தினில்யோ என்ற ஊரில் ஆமை அறுக்கும் கூடமே இயங்கியது. 1990 மே மாதம் மெக்ஸிகோ அரசு கடலாமை வேட்டையை முழுவதுமாகத் தடை செய்தது, கூடம் மூடப்பட்டது, கரைக்குக் காவல் வந்தது. ஆமைகள் திரும்பின. 2000ஐ ஒட்டிய காலத்திலிருந்து சில பருவங்களில் கூடுகளின் எண்ணிக்கை 10 லட்சத்தைத் தாண்டியது. இதைப் படித்தபோது எனக்குக் கண் கலங்கிவிட்டது என்று சொல்வதில் வெட்கம் இல்லை, ஒவ்வொரு ஜனவரியிலும் இங்கே கரை ஒதுங்கும் செத்த ஆமைகளைத் தாண்டித் தாண்டி நடக்கிறவர்களுக்கு அது புரியும்.

இப்போது கணக்குப் போட்டுப் பாருங்கள். கூட்டுக்கு ஏறத்தாழ 100 முட்டை என்றால் 10 லட்சம் கூட்டில் 10 கோடி முட்டை, சில கிலோமீட்டர் மணலுக்குள். இடம் போதாது. முந்தைய கூட்டம் புதைத்துவிட்டுப் போன முட்டைகள் பொரிவதற்குள் அடுத்த கூட்டம் வந்துவிடுகிறது, அதே இடத்தைத் தோண்டுகிறது, பழைய முட்டைகளைத் துடுப்பால் வாரி வெளியே எறிகிறது. எறிந்தது வெயிலில் கிடக்கும், பாதி உடைந்தது மணலுக்குள்ளேயே அழுகும். அழுகும் முட்டையின் வாசனை காற்றில் எவ்வளவு தூரம் போகும் என்று எனக்கு ஒரே ஒரு குழியை வைத்தே தெரியும். லட்சம் குழி அழுகினால்? செத்ததைத் தேடியே பிறந்த ஒரு வண்டுக்கு அதைவிட வேறு அழைப்பு வேண்டுமா.

வண்டு வந்தது. கூடுகளுக்குள் வளர்ந்த வண்டுகளும் அவற்றின் புழுக்களும் ஏராளமாகக் கிடைக்க ஆரம்பித்தன. மெக்ஸிகோவின் பசிபிக் கரையில் டிராஜிடே வண்டுகளுக்கும் கடலாமைக்கும் உள்ள தொடர்பைப் பற்றி ரோசானோ-ஹெர்னாண்டஸும் டெலோயாவும் 2002இல் ஒரு கட்டுரை எழுதினார்கள். அந்தக் காலத்திலேயே வண்டு ஒரு கொள்ளைநோய் மாதிரிப் பேசப்பட்டது, பொறுக்கி அகற்றும் வேலைகளும் நடந்தன. உடைந்த முட்டைக்குள் வண்டு உட்கார்ந்திருக்கிறது, அப்போது உடைத்தது வண்டுதானே? பார்த்தவுடன் யாருக்கும் அப்படித்தான் தோன்றும். அன்றைக்கு டார்ச் வெளிச்சத்தில் எனக்கும் அதுதானே தோன்றியது.

என் கேள்வியை என்னைவிடப் பல மடங்கு பொறுமையாகக் கேட்டவர்கள் மார்த்தா பயேனா, ஃபெதரிகோ எஸ்கோபார், கொன்சாலோ ஹால்ஃப்டர், ஹுவான் கார்சியா-சாவேஸ் ஆகிய நால்வர். சாணி வண்டு ஆராய்ச்சியில் உலகம் முழுக்கத் தெரிந்த பெயர் ஹால்ஃப்டர். வாழ்நாளெல்லாம் வண்டுகளோடு கிடந்த ஒருவர் ஆமைப் பிரச்சினைக்குள் வந்ததில் எனக்குத் தனிச் சந்தோஷம், ஏனென்றால் ஆமைக்காரர்கள் மட்டும் பார்த்தால் வண்டு எப்போதும் எதிரியாகத்தான் தெரியும். அவர்களின் கட்டுரை 2015இல் பிளாஸ் ஒன் என்ற அறிவியல் இதழில் வந்தது. இரண்டு பருவம் அந்தக் கரையில் கூடு நெருக்கமாக இருக்கும் இடத்திலும் குறைவாக இருக்கும் இடத்திலும் வண்டுகளை எண்ணினார்கள், பிறகு ஆய்வுக்கூடத்தில் முட்டைகளைக் கொடுத்துப் பார்த்தார்கள்.

கரையில் தெரிந்தது இது: வண்டுகள் எல்லா இடத்திலும் சமமாகப் பரவியில்லை, திட்டுத் திட்டாகக் கூடியிருக்கின்றன. ஆமைகளின் வருகைக்கு ஏற்ப எண்ணிக்கை ஏறி இறங்குகிறது. நான் எதிர்பார்க்காத விஷயம், கூடுகள் குறைவாக இருந்த பகுதியில்தான் வண்டுகளின் திரட்சி அதிகம், சேதமான முட்டைகளின் விகிதமும் அங்கேதான் அதிகம். பந்தி சின்னதாக இருக்கும் இடத்தில் ஒரே இலையைச் சுற்றி எல்லோரும் உட்கார்ந்துவிடுகிறார்கள் என்று நான் புரிந்துகொண்டேன்.

ஆய்வுக்கூடத்தில் செத்த முட்டைகளை வைத்தபோது வண்டுகள் சீக்கிரமே சேதப்படுத்தின. செத்ததும் உயிருள்ளதும் கலந்து வைத்தபோதும் அப்படியே. உயிருள்ள முட்டைகளை மட்டும் வைத்தபோது மெதுவாகத்தான் தின்றன. அதாவது இந்த வண்டு முதலில் துப்புரவு வேலைதான் செய்கிறது, அழுகுவதைத் தின்று மணலுக்குத் திருப்பிக் கொடுக்கிறது. ஆனால் உயிருள்ள முட்டையைத் தொடவே தொடாது என்று சொல்லவும் வழியில்லை, சில சமயம் கரு வளர்வதை நிறுத்திவிடும் அளவுக்கு அது தின்னக்கூடும் என்றும் அவர்கள் எழுதியிருக்கிறார்கள். மண்ணுக்குள் 45 நாளுக்கு மேல் கிடக்க வேண்டிய முட்டைக்கு மெதுவாகத் தின்னும் வண்டும் ஆபத்துதான்.

எனக்கு இதில் மிகவும் உறைத்தது அந்தக் கலப்பு முட்டை விஷயம். செத்த முட்டையும் உயிருள்ள முட்டையும் பக்கத்தில் பக்கத்தில் கிடப்பதுதானே உண்மையான கூடு? எந்தக் கூட்டிலும் நாலைந்து முட்டை கெட்டுப்போகத்தான் செய்யும். அந்த வாசனைக்கு வரும் வண்டு அங்கேயே தங்கிவிட்டால், பக்கத்து முட்டையையும் சுரண்டிப் பார்க்கும். ஆக, கூட்டுக்கு வெளியிலும் உள்ளேயும் கிடக்கும் செத்த முட்டைகளை யோசிக்காமல் வண்டை மட்டும் பொறுக்கி வாளியில் போடுவது எனக்குச் சரியாகப் படவில்லை. உயிருள்ள முட்டைகளுக்கு ஆபத்து தெரியும் இடத்தில் வண்டை எடுக்கட்டும், வேண்டாம் என்று சொல்லமாட்டேன். ஆனால் அழுகல் அங்கேயே இருந்தால் அதைத் தின்ன வேறு யாராவது வருவார்கள்.

அந்த வேறு யாரோ யார் என்பதற்கு கோஸ்டாரிகாவில் பதில் இருக்கிறது. அங்கே நான்சிதே என்று ஒரு கரை, சாந்தா ரோசா தேசியப் பூங்காவுக்குள், நல்ல பாதுகாப்பில் இருக்கிறது. முட்டை திருட்டு இல்லை, விளக்கு வெளிச்சம் இல்லை. இருந்தும் அங்கே அரிபாடா பெரிதாகச் சுருங்கிப்போனது. பல வருடக் கூட்டத்தில் அழுகிய முட்டைகளால் மணலே கெட்டு, நுண்ணுயிர்கள் பெருகி, கூட்டுக்குள் ஆக்ஸிஜன் குறைந்து, முட்டைகள் பொரிவது மிகவும் குறைந்துவிட்டது என்பது ஆராய்ச்சியாளர்கள் சொல்லும் முக்கியமான காரணம். அதே நாட்டில் ஓஸ்தியோனால் கரையில், ஒவ்வொரு அரிபாடாவிலும் முதல் 36 மணி நேரத்தில் இடும் முட்டைகளை ஊர்க்காரர்கள் எடுத்துக்கொள்ளச் சட்டமே அனுமதிக்கிறது, எப்படியும் பின்னால் வரும் ஆமைகள் அவற்றைக் கிளறி நாசம் செய்யும் என்பதால். இதைப் பற்றி எனக்குள் இன்னும் வாதம் ஓடுகிறது, அதைத் தனியாக எழுத வேண்டும்.

இன்னொரு விஷயத்தையும் சொல்லியாக வேண்டும். இதே ஓமோர்கஸ் சுபெரோசஸ் அர்ஜென்டினாவில் வெட்டுக்கிளியின் முட்டைகளைத் தின்பதை 1930களிலேயே கவனித்து எழுதியிருக்கிறார்கள். இதன் உறவான ஓமோர்கஸ் புரோசெரஸ் ஆப்பிரிக்காவில் பாலைவன வெட்டுக்கிளியின் முட்டைகளைத் தின்கிறது. வெட்டுக்கிளி எப்படி முட்டையிடுகிறது? வயிற்றை மணலுக்குள் நீட்டி, ஒரு குழிக்குள் கொத்தாக இட்டு, நுரையால் மூடிவிட்டுப் போய்விடுகிறது. மணலுக்குள் புதைந்த முட்டைக் கொத்து என்பது இந்த வண்டுக் குடும்பத்துக்குப் பழைய சாப்பாடு. அங்கே பயிரைக் காக்கும் நண்பன் என்று பேர் வாங்கிய அதே பூச்சி, எஸ்கோபில்லாவில் அதே வேலையைச் செய்து கெட்ட பேர் வாங்குகிறது. மண்கட்டி மாதிரி இருக்கும் ஒரு நகக்கண் அளவு உயிர் இரண்டு இடத்திலும் தனக்குத் தெரிந்ததைத்தான் செய்துகொண்டிருக்கிறது. ஒரு பொரிப்பகத் தன்னார்வலர் வண்டுக்காக இப்படிப் பரிந்து பேசுவது சிலருக்குப் பிடிக்காது என்று தெரியும். ஆமைமேல் உள்ள அக்கறையால்தான் சொல்கிறேன், முட்டை எதனால் சாகிறது என்பதைத் தப்பாகப் புரிந்துகொண்டால் அதைக் காப்பாற்றும் வழியும் தப்பாகிவிடும்.

அந்தக் கட்டுரையைப் படித்ததிலிருந்து குழி கிளறும்போது நான் ஒரு வேலை கூடுதலாகச் செய்கிறேன். முன்பெல்லாம் பொரியாத முட்டைகளை எண்ணிவிட்டு அப்படியே தள்ளிப் புதைத்துவிடுவோம். இப்போது ஒவ்வொன்றையும் பிளந்து பார்க்கிறேன். கரு உருவாகியிருக்கிறதா, எவ்வளவு வளர்ந்திருக்கிறது, உள்ளே புழு இருந்தால் அது என்ன புழு. காலே இல்லாமல் அரிசி மாதிரி நெளிந்தால் ஈயின் புழு. பழுப்புத் தலையும் மூன்று ஜோடிக் காலும் வைத்துக்கொண்டு வளைந்து கிடந்தால் வண்டின் புழு. கரு நன்றாக வளர்ந்த முட்டையில் புழு இருந்தால் கவலைப்பட வேண்டும். கருவே இல்லாத முட்டையில் இருந்தால் அது சாவுக்குப் பிறகு வந்தது என்று பெரும்பாலும் சொல்லிவிடலாம்.

போன பங்குனியில் ஒரு குழி. மொத்தம் 113 முட்டை. கிழிந்த ஓடு 96, செத்த குஞ்சு 6, பொரியாதது 11. பதினொன்றையும் ஒரு பழைய சாக்கின் மேல் வரிசையாக வைத்துப் பிளேடால் கீறினேன். நாலில் புழு, நாலுமே ஈயின் புழு. அந்த நாலில் ஒன்றில்கூடக் கரு பிடித்ததற்கு அடையாளம் இல்லை, மஞ்சள் கரு கட்டிப்போய் ஓட்டின் ஒரு பக்கமாக ஒட்டிக் கிடந்தது. மற்ற ஏழில் மூன்று பாதி வளர்ந்து நின்றவை, புழு தொடாதவை. நோட்டில் வழக்கமான மூன்று கட்டங்களுக்குப் பக்கத்தில் ஸ்கேல் வைத்து நாலாவதாக ஒரு கோடு போட்டு அதை எழுதினேன். டார்ச் பிடித்த அண்ணன் இப்போது வேறு ஊரில் வேலை பார்க்கிறார். அந்தப் பக்கத்தைப் போட்டோ எடுத்து அவருக்கு அனுப்பினேன். காலையில் பதில் வந்திருந்தது: "அடுத்த குழியையும் இதே மாதிரி பாரும்மா."